இரவல் தந்த முகம்

கொடுமை செய்யும் ஆட்சி ஒன்று நல்லவர் ஒருவரைத் தன் அவைக்கு அழைக்கிறது. அவர் போகலாமா? போனால் சிலரையாவது காப்பாற்றலாம். போகாவிட்டால் தன் பெயரையாவது காப்பாற்றிக்கொள்ளலாம். இது பழைய கேள்விதான். ஆனால் அழைக்கப்படுபவர் நடிகராக இருந்தால் சிக்கல் கூடுகிறது. பொருளியல் அறிஞரையோ பொறியாளரையோ ஆட்சி அழைப்பது அவர்களுடைய அறிவுக்காக. நடிகரை அழைப்பது மக்கள் அவர்மேல் வைத்திருக்கும் நம்பிக்கைக்காக. அந்த நம்பிக்கையை இன்னொருவருக்கு இரவல் தர அவருக்கு உரிமை உண்டா? போலந்து நடிகர் குஸ்தாவ் ஹொலோவ்பெக்கின் வாழ்க்கை இந்தக் கேள்வியை எளிதில் கடந்துபோக விடுவதில்லை.

1923இல் கிராக்கோவில் பிறந்தவர் ஹொலோவ்பெக். 1939 செப்டம்பரில் ஜெர்மனி படையெடுத்தபோது போரிட்டுக் கைதியானார். போர் முடிந்தபின் மேடைக்கு வந்தார். அவர் பெயரை நாட்டின் வரலாற்றோடு பிணைத்தது 1967 நவம்பர் 25 அன்று வார்சாவின் தேசிய அரங்கில் மேடையேறிய ஒரு நாடகம். ரஷ்யப் பேரரசர் ஜாரின் அடக்குமுறைக்கு ஆளான இளைஞர்களைப் பற்றி ஆதாம் மிட்ஸ்கியெவிச் எழுதிய ‘மூதாதையர் இரவு’ அது. கஜிமியேஷ் தெய்மெக் இயக்க, ஹொலோவ்பெக் நாயகனாக நடித்தார். ரஷ்யாவின் அக்டோபர் புரட்சியின் ஐம்பதாம் ஆண்டு விழாவுக்கென்றே அரங்கேறிய நாடகம்தான். ஆனால் ஜாருக்கு எதிரான வரிகள் வரும்போதெல்லாம் பார்வையாளர்கள் கைதட்டினார்கள். அவர்கள் யாரை நினைத்துத் தட்டினார்கள் என்பது கம்யூனிஸ்ட் அரசுக்கு உடனே புரிந்தது. 1968 ஜனவரி 30 கடைசிக் காட்சி என்று உத்தரவு வந்தது. அன்றிரவு மாணவர்கள் மிட்ஸ்கியெவிச் சிலைக்கு ஊர்வலம் போனார்கள். இரு மாணவர்கள் பல்கலைக்கழகத்திலிருந்து நீக்கப்பட்டார்கள். மார்ச் 8 அன்று நடந்த கண்டனக் கூட்டம் தடியடியில் முடிந்தது. அதைத் தொடர்ந்து அரசு நடத்திய யூத வெறுப்புப் பிரசாரத்தால் அடுத்த சில ஆண்டுகளில் 13,000க்கும் மேற்பட்ட யூதர்கள் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். தெய்மெக் பதவி இழந்தார். அந்த மேடையில் நின்ற ஹொலோவ்பெக்கின் முகம் மக்கள் மனத்தில் எதிர்ப்பின் முகமாகப் பதிந்தது.

எட்டு ஆண்டுகள் கழித்து, 1976 மார்ச்சில், அதே முகம் போலந்தின் நாடாளுமன்றமான செய்மில் இடம்பெற்றது. அந்தத் தேர்தலில் ஒரே ஒரு வேட்பாளர் பட்டியல்தான் இருந்தது; 460 இடங்களையும் யார் நிரப்புவது என்பதை வாக்குப்பெட்டி தீர்மானிக்கவில்லை.

அவர் தரப்பில் சொல்வதற்கு நிறைய உண்டு. அன்றைய போலந்தில் அரங்கங்கள் அரசுக்குச் சொந்தம், நடிகரின் சம்பளம் அரசுப் பணம், எந்த நாடகமும் தணிக்கை அலுவலகத்தைத் தாண்டித்தான் மேடைக்கு வர முடியும். அப்படிப்பட்ட நாட்டில் நாடாளுமன்ற இருக்கையை மட்டும் மறுத்துவிட்டு ஒருவர் தூய்மையானவராகிவிட முடியுமா? மேலும், 1972 முதல் வார்சாவின் டிராமாட்டிச்னி அரங்கம் அவர் பொறுப்பில் இருந்தது. நாட்டின் தலைசிறந்த நடிகர்கள் சிலர் அங்கே கூடியிருந்தார்கள். அந்த அரங்கின்மேல் அதிகாரிகள் கைவைக்க ஒரு கணம் தயங்கினாலே, அதன் இயக்குநர் செய்மில் உட்கார்ந்திருப்பதற்குப் பலன் இருந்தது என்று வாதிடலாம்.

எனினும் இந்த வாதம் வரவை மட்டும் எண்ணுகிறது, செலவை எண்ணுவதில்லை. ஹொலோவ்பெக் ஆளும் கம்யூனிஸ்ட் கட்சியின் உறுப்பினர் அல்லர். கை தூக்க ஆட்சியிடம் ஆட்களுக்குக் குறைவில்லை. அதனிடம் இல்லாதது, 1968இல் தடைசெய்யப்பட்ட நாடகத்தின் நாயகனைப் போன்ற ஒருவர். அவர் அந்த அவையில் பேசினாலும் பேசாவிட்டாலும், அங்கே உட்கார்ந்திருந்ததே ஒரு செய்தியாயிற்று: ‘இவரே இங்கே இருக்கிறார் என்றால் இந்த அவை அவ்வளவு மோசமாக இருக்காது.’ அதற்கான விலையைக் கொடுத்தவர் அவர் மட்டுமல்லர். அவரை நம்பி அரங்கில் கைதட்டியவர்களின் நம்பிக்கையும் சேர்ந்தே செலவானது. அவர்களிடம் யாரும் அனுமதி கேட்கவில்லை.

அந்த அவையின் இயல்பு மூன்றே மாதங்களில் வெளிப்பட்டது. ஜூன் 24 அன்று பிரதமர் பியோத்தர் யாரோஷெவிச் விலையேற்றத்தை அங்கே அறிவித்தார்: சர்க்கரை இரண்டு மடங்கு, இறைச்சி சராசரியாக 69 சதவீதம். மறுநாளே ராடோமிலும் உர்சுஸிலும் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். விலையேற்றம் திரும்பப் பெறப்பட்டது. ஆனால் பிடிபட்டவர்கள் தடியேந்திய காவலர்களின் இரு வரிசைக்கு நடுவே ஓடவிட்டு அடிக்கப்பட்டார்கள், வேலை இழந்தார்கள், சிறை சென்றார்கள். அவர்களுக்கு வழக்கறிஞரும் பணமும் தேடித் தர, செப்டம்பரில் தொழிலாளர் பாதுகாப்புக் குழு பிறந்தது.

அந்தக் குழுவில் அதே ஆண்டு சேர்ந்தவர்களில் ஒருவர் ஹலினா மிக்கொவாய்ஸ்கா. அவரும் வார்சாவின் புகழ்பெற்ற மேடை நடிகை. அதன்பின் உளவுப் பிரிவு அவரை நிம்மதியாக இருக்கவிடவில்லை, வாய்ப்புகள் சுருங்கின. 1981 டிசம்பரில் இராணுவச் சட்டம் வந்தபோது தடுப்புக் காவலில் வைக்கப்பட்டார்.

ஒரே ஆண்டு, ஒரே நகரம், ஒரே தொழில். இந்த ஒப்பீட்டை வைத்து ஹொலோவ்பெக்கைக் கோழை என்று சொல்லிவிடக் கூடாது. வீரத்தை யாரிடமும் கடமையாகக் கேட்க முடியாது. மிக்கொவாய்ஸ்கா பட்ட துன்பத்தை மற்றவர்களும் பட்டிருக்க வேண்டும் என்று பாதுகாப்பாக உட்கார்ந்துகொண்டு எதிர்பார்ப்பதும் அறமாகாது. ஆனால் மிக்கொவாய்ஸ்காவின் வாழ்க்கை ஒரு சாக்கை மட்டும் இல்லாமல் ஆக்கிவிடுகிறது: வேறு வழியே இல்லை என்ற சாக்கை. தவிர, குழுவில் சேர்வதற்கும் அவையில் அமர்வதற்கும் நடுவே பெரிய வெளி இருந்தது. இரண்டையும் தவிர்த்து, நடிப்பதோடு நின்றுகொண்ட கலைஞர்களும் அன்று இருந்தார்கள்.

1976ஐவிடக் கனமானது 1980. அந்த மார்ச்சில் ஹொலோவ்பெக் மீண்டும் உறுப்பினரானார். முதல் முறை, உள்ளே போனால் ஏதாவது செய்யலாம் என்று நம்பியிருக்கலாம். தவறிப்போன நம்பிக்கை குற்றமாகாது. ராடோமுக்குப் பிறகு அந்த நம்பிக்கைக்கு இடம் மிகக் குறைவு. ஒருவர் அறியாமல் செய்ததைவிட அறிந்தபின் தொடர்ந்ததையே அறம் கூடுதலாக விசாரிக்கும்.

1981 டிசம்பர் 13 அன்று தெருக்களில் டாங்கிகள் நின்றன. இராணுவச் சட்டக் காலத்தில் ஏறக்குறைய 10,000 பேர் தடுப்புக் காவலில் வைக்கப்பட்டார்கள். ஹொலோவ்பெக் 1982இல் தன் இடத்தைத் துறந்தார். டிராமாட்டிச்னி அரங்கின் பொறுப்பும் பின்னர் அவரை விட்டுப் போனது. இதே காலத்தில் நடிகர்கள் பலர் வானொலியிலும் தொலைக்காட்சியிலும் தோன்ற மறுத்தார்கள். இராணுவச் சட்டத்தை ஆதரித்துப் பேசிய நடிகர் மேடைக்கு வந்தபோது பார்வையாளர்கள் விடாமல் கைதட்டி அவரைப் பேசவிடாமல் செய்தார்கள். அரசு நடிகர் சங்கத்தையே கலைத்தது. ஹொலோவ்பெக்கின் இருக்கையால் பெரிய தீங்கில்லை என்று வாதிடுபவர்களுக்கு இதைவிடத் தெளிவான பதில் வேண்டியதில்லை. படையும் சிறையும் கையில் வைத்திருந்த ஆட்சி, சில முகங்கள் திரையில் தெரியாததற்கு அவ்வளவு ஆத்திரப்பட்டது என்றால், அந்த முகங்கள் தெரிந்த நாட்களில் அதற்கு எவ்வளவு பயன்பட்டிருக்கும்?

1989 ஜூன் தேர்தலில், ஆட்சியை எதிர்த்த சாலிடாரிட்டி தொழிற்சங்க இயக்கத்தின் ஆதரவு வேட்பாளர்கள் மேலவையான செனட்டின் 100 இடங்களில் 99ஐ வென்றார்கள். அவர்களில் ஹொலோவ்பெக்கும் ஒருவர். இந்த முறை வாக்காளருக்கு அவரை நிராகரிக்கும் உரிமை இருந்தது. மக்கள் மன்னித்துவிட்டார்கள், கணக்கு தீர்ந்தது என்று முடித்துவிடலாமா? முடியாது. அந்தத் தேர்தலும் முகங்களின் தேர்தல்தான்: வேட்பாளர்கள் சாலிடாரிட்டி தலைவர் லேக் வலேசாவுடன் எடுத்துக்கொண்ட படங்களோடு சுவரொட்டிகளில் நின்றார்கள், ஹாலிவுட் நடிகர் கேரி கூப்பரின் உருவம்கூட ஒரு சுவரொட்டியில் வாக்குக் கேட்டது. சுதந்திரமும் முகத்தை இரவல் வாங்குகிறது. வாக்காளர்கள் அன்று அளித்தது ஆட்சிக்கு எதிரான தீர்ப்பு. ஒரு நடிகரின் 1976ஐப் பற்றிய தீர்ப்பாக அதை எடுத்துக்கொள்ள முடியாது.

ஆகவே அந்தத் தீர்ப்பைத் தனியாகத்தான் சொல்ல வேண்டும். இடத்தை ஏற்றது தவறு; 1980இல் தொடர்ந்தது அதைவிடப் பெரிய தவறு. துறந்தது சரி, அதற்கு அவர் விலையும் கொடுத்தார். ஆனால் பின்னால் செய்த சரி முன்னால் செய்த தவறைக் கழித்துவிடாது. நல்ல அரங்கம் நடத்தியதும் கழித்துவிடாது. இரண்டும் ஒரே மனிதரின் செயல்களாக அருகருகே நிற்கும். அவரைப் புனிதராக்குபவர்களும் துரோகியாக்குபவர்களும் அவற்றில் ஒன்றை மறைத்தாக வேண்டியிருக்கிறது. புகழோடு அரசியலுக்குள் நுழையும் எவரிடமும் கேட்க வேண்டியது, ‘உன் நோக்கம் நல்லதா?’ என்பதை அல்ல. அதற்கு எல்லோரும் ஆம் என்றுதான் சொல்வார்கள். ‘உன்னை நம்பியவர்களின் பேரில் நீ வாங்கும் இந்த இருக்கையிலிருந்து உன்னை இறக்க அவர்களுக்கு வழி இருக்கிறதா?’ என்று கேட்க வேண்டும். 1976இல் அந்த வழி இல்லை. ஏற்பதற்கு முன்பே அது ஹொலோவ்பெக்குக்குத் தெரியும்.