பழைய மணி

மந்திரக் கடிகாரக் கதை எதுவானாலும் நாம் எல்லாரும் ஒரே இடத்தில்தான் போய் உட்காருகிறோம்: கடிகாரம் வைத்திருப்பவன் பக்கத்தில். 2016இல் வந்த விக்ரம் குமாரின் ‘24’ படத்தில் சூர்யா கையில் ஒரு வாட்ச் கிடைக்கும். (கதாபாத்திரத்தின் பெயரும் மணிதான்.) அது காலத்தை நிறுத்தும், 24 மணி நேரம் வரை பின்னால் கொண்டுபோகும். அந்தரத்தில் மழைத்துளிகள் அப்படியே நிற்கும் காட்சியில் நானும் வாயைப் பிளந்துகொண்டுதான் இருந்தேன். ஆனால் சுற்றி உறைந்து நிற்பவர்களை யார் பார்க்கிறோம்? அவர்கள் வாழ்ந்த ஒரு மணி நேரம் வாழாததாகிவிடுகிறது. அது அவர்களுக்கே தெரியாது.

இந்த விஷயத்தில் மூன்றாவது ஹாரி பாட்டர் நாவலின் டைம் டர்னர் கொஞ்சம் நாகரிகமானது. ஒரே நேரத்தில் நடக்கும் வகுப்புகளுக்கெல்லாம் போவதற்காக ஹெர்மயனி அதைத் திருப்புகிறாள். தன் நாளில் சில மணி நேரத்தைக் கூட்டிக்கொள்கிறாள், அவ்வளவுதான். அடுத்தவர் நாளிலிருந்து எதையும் அழிப்பதில்லை. மணியின் வாட்ச் அழிக்கிறது. அழிந்தது யார் நினைவிலும் இல்லையென்றால் அதில் என்ன தப்பு?

இதை யோசிக்க மந்திரம் தேவையில்லை. நம் ஊரில் நிஜமாகவே மணியைத் திருப்பியிருக்கிறார்கள், அதுவும் பல தடவை. நான் மென்பொருள் வேலையில் இருப்பவன். உலகக் கணினிகள் எல்லாம் நம்பியிருக்கும் நேர மண்டலப் பதிவு ஒன்று உண்டு, சாதாரண டெக்ஸ்ட் ஃபைல். அதில் சிங்கப்பூருக்கும் கோலாலம்பூருக்கும் சேர்த்து உள்ள வரிகளைப் படித்தால் ஒரு சின்ன சரித்திரமே கிடைக்கும். 1905இல் கிரீன்விச்சைவிட 7 மணி நேரம் முன்னால். 1933இல் இன்னும் 20 நிமிடம். 1941 செப்டம்பரில் இன்னும் 10. 1942 பிப்ரவரி 16, சிங்கப்பூர் விழுந்த மறுநாள், ஒரே அடியாக 9 மணி நேரம்: அது தோக்கியோ நேரம். 1945இல் மறுபடி ஏழரை. கடைசியாக 1981 டிசம்பர் 31, இரவு 11.30. அந்த நொடியே நள்ளிரவானது. சபா, சரவாக்கோடு ஒரே மணி வேண்டும் என்று அரசாங்கம் செய்த மாற்றம். அதனால் தீபகற்பத்தில் அன்றிரவு 11.45க்குப் பிறந்தவர் என்று ஒருத்தர்கூடக் கிடையாது. ஜாதகம் கணிப்பவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். 1982க்கு முன் பிறந்தவரா பின் பிறந்தவரா என்று பார்க்காமல் கட்டம் போட்டால் லக்னமே மாறிப்போகலாம்.

ஈப்போ ஏறக்குறைய 101 பாகைத் தீர்க்கரேகையில் இருக்கிறது. கணக்குப் போட்டால் நம் சூரிய நேரம் கிரீன்விச்சைவிட 6 மணி 44 நிமிடம்தான் முன்னால். அதாவது இன்று சுவரில் இருக்கும் கடிகாரம் வெயிலைவிட 1 மணி 16 நிமிடம் அவசரப்படுகிறது. ஜப்பான்காரன் காலத்தில் 2 மணி 16 நிமிடம். ஆனால் ரப்பர் மரத்துக்கு இது எதுவும் தெரியாது. வெயில் ஏறி இலை வழியாகத் தண்ணீர் போகத் தொடங்கினால் பட்டைக்குள் அழுத்தம் குறையும், பால் நின்றுவிடும். அதனால்தான் இருட்டோடு இருட்டாக மரம் வெட்டினார்கள். மரம் சூரியனைப் பார்த்தது, பெரட்டு கடிகாரத்தைப் பார்த்தது. இரண்டுக்கும் நடுவில் நின்றது ஆள்.

என் பாட்டி சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் மரம் வெட்டியவர். 1982இல் கழித்த அந்த அரை மணியை அவர் இன்னும் விட்டுக்கொடுக்கவில்லை. “மணி ஏழாயிடுச்சு பாட்டி, உள்ள வாங்க” என்றால், “பழைய மணிக்கு ஆறரதான்டா, வெளிச்சம் இருக்கு பாரு” என்பார். சின்ன வயதில் இதை வயசானவர்களின் பிடிவாதம் என்று நினைத்தேன். இப்போது வேறு மாதிரி தெரிகிறது. கேட்காமல்தான் மாற்றினார்கள். ஆனால் அவர் நினைவை எடுத்துக்கொள்ளவில்லை. அதனால் அவரால் எதிர்த்துப் பேச முடிகிறது. மணியின் வாட்சுக்கு எதிராக யாரும் அப்படிப் பேச முடியாது.

ஈப்போவில் பெர்ச் மணிக்கூண்டு இருக்கிறது, 1909இல் கட்டியது. 1875இல் பாசீர் சாலாக்கில் கொல்லப்பட்ட முதல் பிரிட்டிஷ் ரெசிடெண்டுக்கான நினைவு. அது நிற்கும் தெருவுக்கோ டத்தோ சாகோர் பெயர், அந்தக் கொலைக்காகத் தூக்கிலிடப்பட்டவர்களில் ஒருவர். பிற்பாடு வந்தவர்கள் கூண்டை இடிக்கவில்லை, தெருவின் பெயரை மாற்றினார்கள். சண்டை இன்னும் தெரிகிறது. எனக்கு அது பிடித்திருக்கிறது.

அப்படியென்றால் அந்த வாட்ச் என் கைக்கு வந்தால்? நம் ஆட்களில் பலர் 1943க்குத்தான் போவார்கள். சயாம் ரயில் பாதைக்கு ஆள் ஏற்றிய லாரியை மறிக்க. என் கொள்ளுப்பாட்டியின் முதல் புருஷன் அப்படிப் போனவர், திரும்பவில்லை. சண்டை முடிந்து கொள்ளுப்பாட்டி இன்னொருத்தரைக் கட்டிக்கொண்டார். அந்தக் கல்யாணத்தில் பிறந்தவர்தான் என் பாட்டி. லாரியை மறித்தால் ஒரு மனிதன் பிழைப்பான். பாட்டி இருக்கமாட்டார். அழிந்தோம் என்பதுகூட எங்களுக்குத் தெரியாது. சயாமில் மண்ணாய்ப் போனவரைவிட எங்கள் கணக்கு பெரியதா என்று என்னால் சொல்ல முடியவில்லை. வாட்ச் வைத்திருப்பவன் இந்தக் கேள்வியை யாரிடமும் கேட்கவேண்டியதில்லை என்பதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

நான் கேட்டேன், விளையாட்டாக. பாட்டி வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னார்: “அவரு வந்திருந்தா எங்கம்மா அவ்ளோ அழுதிருக்காது.”

“அப்ப நீங்க?”

“நான் எங்க போவேன்,” என்றார், “வேற யாராவது இருந்திருப்பாங்க.”