கடனும் அதன் எல்லையும்

வாசலில் அமீனா வந்து நிற்கிறார். தண்டோரா ஒலிக்கிறது. வீட்டுச் சுவரிலும் நீதிமன்ற வாயிலிலும் ஏல அறிவிப்பு ஒட்டப்படுகிறது. வீட்டார் கதவைத் தாழிட்டுக்கொண்டு உள்ளே அமர்ந்துவிடுகின்றனர். தெருவில் செல்வோர், “வாங்கிய கடனைக் கொடுக்காதவனுக்குப் பேச என்ன இருக்கிறது?” என்று கேட்டவாறே கடந்து போகின்றனர்.

பேச ஒன்றுமே இல்லையா? கடன்பட்டவன் தன் உடைமையின் ஏலத்தை எதிர்த்து வழக்காடுவது அறமா, ஏமாற்றா?

கடனை எளிதாக எண்ணும் மார்க்கமன்று நம்முடையது. கடனோடு இறந்த ஒருவரின் ஜனாஸாவை முன்வைத்தபோது, அக்கடனை அபூ கதாதா (ரலி) அவர்கள் ஏற்றுக்கொண்ட பின்னரே நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் தொழ வைத்தார்கள். வசதி இருந்தும் இழுத்தடிப்பதை அநீதி என்றும் கண்டித்தார்கள். ஆயினும் இடர்ப்பட்ட கடனாளிக்கு வசதி வரும்வரை தவணை தருமாறும், விட்டுக்கொடுப்பது அதனினும் சிறந்தது என்றும் திருமறையின் ‘அல்பகரா’ அத்தியாயம் அறிவுறுத்துகிறது. இவ்விரு கட்டளைகளுக்கும் நடுவேதான் நம் கேள்வி நிற்கிறது.

நமது சட்ட அறிஞர்கள் இதனை ஆழ்ந்து சிந்தித்துள்ளனர். அறிவும் பருவமும் உடைய ஒருவனது சொத்தை அவன் சம்மதமின்றிக் காழி விற்பதை இமாம் அபூஹனீபா (ரஹ்) அவர்கள் ஏற்கவில்லை. அவனைச் சிறையிலிட்டு, அவனாகவே விற்றுக் கடனடைக்கச் செய்யலாம் என்றார்கள். அவர்தம் மாணவர்களான இமாம் அபூயூசுப், இமாம் முஹம்மது (ரஹ்) ஆகிய இருவரும் இதில் ஆசானோடு வேறுபட்டார்கள். இமாம் ஷாபிஈ (ரஹ்) அவர்களும் காழி விற்கலாம் என்றே கொண்டார்கள். எனினும் அனுமதித்தோரும் வரம்பிட்டே அனுமதித்தனர். கெட்டுப்போகும் பொருளை முதலில் விற்க வேண்டும். நிலமும் வீடும் இறுதியில் வர வேண்டும். விலை தகுதியான சந்தை விலையாக இருத்தல் வேண்டும் என்பது ஷாபிஈ நூல்கள் கூறும் ஒழுங்கு.

நம் நாட்டின் 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டமும் இவ்வுணர்விலிருந்து விலகியதன்று. குடியானவனின் குடியிருப்பு, கைவினைஞனின் கருவிகள், சமையற்பாத்திரம், படுக்கை ஆகியவற்றை அதன் 60ஆவது பிரிவு ஜப்தியிலிருந்து காக்கிறது. கடனுக்குத் தேவையான அளவே விற்க வேண்டும் என்பது 21ஆவது கட்டளையின் 64ஆவது விதி. 17,000 ரூபாய்க்கு ஏலம்போன 10 ஏக்கர் நிலம் பற்றிய வழக்கொன்று 1989இல் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. டிக்ரித் தொகையோ அதனினும் மிகக் குறைவு. ஒரு பகுதியை விற்றாலே போதும் என்னும்போது முழுவதையும் விற்பது செல்லாது. இவ்வரம்பு நீதிமன்றத்தின் விருப்பமன்று, கடமை என்று அம்மன்றம் தீர்ப்பளித்தது.

இதிலிருந்து தெளியும் உண்மை ஒன்று: கடன் கொடுத்தவருக்குக் கடனாளியின்மீது உள்ள உரிமை, கடனின் அளவே. அதற்கு மேல் எடுக்கப்படும் ஒவ்வொரு காசும் கடனாளிக்கு உரியது. அந்த மிகுதிக்காக அவன் வாதாடுவது கடனை மறுப்பதாகாது. தன் பிள்ளைகளின் உரிமையைக் காப்பதாகும்.

ஆனால் எதிர்ப்புக்கும் வரம்பு உண்டு. ஏலம் முடிந்தபின் 60 நாள்களுக்குள் இரு வழிகள் திறந்திருக்கின்றன. அறிவிப்பில் கண்ட தொகையையும், ஏலம் எடுத்தவருக்காக விலையில் நூற்றுக்கு 5 பங்கையும் கட்டிச் சொத்தை மீட்பது ஒரு வழி. ஏலத்தில் பெரும் முறைகேடோ மோசடியோ நடந்தது என்றும், அதனால் கணிசமான இழப்பு நேர்ந்தது என்றும் மெய்ப்பிப்பது மற்றொன்று. விலை குறைவு என்று மட்டும் முறையிடுவது போதாது.

இவ்வழிகளைக் காலம் கடத்தும் கருவியாக்குவோரும் உளர். கடன் கொடுத்தவர் எல்லாரும் செல்வர் அல்லர். மகளின் திருமணத்திற்குச் சேர்த்ததைக் கைம்மாற்றாகக் கொடுத்துவிட்டுப் பல ஆண்டு நீதிமன்றப் படியேறும் விதவையும் அவர்களில் இருக்கக்கூடும். ஏலம் எடுத்தவரும் அன்றே காற்பங்கு கட்டி, 15 நாள்களில் மீதியையும் கட்டியவர். ஆகவே வழக்கிடுபவன் தன் நெஞ்சைக் கேட்டுக்கொள்ள வேண்டும்: “அளவு மீறியதை எதிர்க்கிறேனா, கடனையே எதிர்க்கிறேனா?” முன்னதாயின் அது நீதி. பின்னதாயின் நபிகளார் கண்டித்த அநீதி.

மற்றொன்றும் நினைக்கத்தக்கது. ஏல அறிவிப்பு தயாராகும்போதே சொல்லியிருக்கக்கூடிய குறையைப் பின்னர்ச் சொல்லி ஏலத்தை நீக்கக் கேட்க முடியாது என 1976இல் சட்டம் திருத்தப்பட்டது. நாணத்தால் கதவடைத்த குடும்பம், அந்த மௌனத்தாலேயே உரிமையை இழக்கிறது. அந்த நாணத்தை அவர்களுக்குத் தந்தது யார்? ஏளனம் பேசிச் சென்ற நாம் அன்றோ!

பெருமானார் (ஸல்) காலத்தில், வாங்கிய கனிகளில் நட்டமுற்றுக் கடனில் மூழ்கிய ஒருவருக்குத் தருமம் செய்யும்படி மக்களை ஏவினார்கள். கடன் தீர அது போதவில்லை. இருப்பதைப் பெற்றுக்கொள்ளுங்கள், அதற்கு மேல் உங்களுக்கு இல்லை என்று கடன் கொடுத்தோரிடம் கூறிவிட்டார்கள். முதலில் ஊரை அழைத்தார்கள். பின்னரே கணக்கை முடித்தார்கள்.

அடுத்த முறை நம் தெருவில் தண்டோரா ஒலிக்கும்போது, மலிவாய்க் கிடைக்குமா என்று விசாரிக்கப் புறப்படுமுன், அந்தத் தாழிட்ட கதவைத் தட்டி, “எவ்வளவு வேண்டும்?” என்று கேட்போமாக.