ஆவாகனமும் விசர்ஜனமும்

கேரளத்தின் சித்தூர்த் தாலுகாவில், தமிழும் மலையாளமும் ஒரே திண்ணையில் கலந்து பேசப்படும் அந்த எல்லைப் பிரதேசத்தில், வடவன்னூர் என்றொரு சிற்றூர் உண்டு, எம்.ஜி.ஆரின் தாயார் சத்தியபாமா அம்மையாரின் குடும்ப வீடு அங்கேதான் இருக்கிறது. ஒரு காலத்தில் அங்கன்வாடிக் குழந்தைகள் சோறுண்டு உறங்கிய அவ்வீடு 2019இல் நினைவில்லமாயிற்று. மனிதன் ஒருவனை மனிதர்கள் தெய்வமாக்கிக் கொள்வது பக்தியா, மயக்கமா என்ற வினாவை எழுப்புவதற்கு அதைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை.

1984 அக்டோபரில் எம்.ஜி.ஆர். நோயுற்றபோது, 'ஒளிவிளக்கு' படத்தின் பிரார்த்தனைப் பாட்டு கொட்டகைதோறும் ஒலிக்க, கோயிலிலும் மசூதியிலும் மாதா கோயிலிலும் ஜனங்கள் அவருக்காக மன்றாடினார்களே, அந்தக் கண்ணீரைப் பாமரத்தனம் என்று தள்ள என் மனம் ஒப்பாது. தனக்கென ஒன்றும் வேண்டாமல் பிறர் உயிருக்காக உருகுவதே பக்தியின் ஸ்வரூபம். ஆயினும் அப்போது சிலர் தம்முயிரையே மாய்த்துக்கொண்டனர் என்பதை நினைக்கையில் நெஞ்சு பதறுகிறது.

நம் பூஜா விதியில் தெய்வத்தை வருவிக்கும் ஆவாகனம் உண்டு, வழியனுப்பும் விசர்ஜனமும் உண்டு. சதுர்த்தியன்று களிமண் பிள்ளையாருக்குக் குன்றிமணிக் கண் பதித்து, எருக்க மாலை சாத்தி, கொழுக்கட்டை படைத்து வணங்கிய அதே கைகள்தாம் பின்னர் அவரைக் கிணற்றில் இறக்குகின்றன. மண் கரைகிறது, பக்தி கரைவதில்லை. நட்சத்திரங்கள் விஷயத்தில் நாம் ஆவாகனத்தை மட்டுமே கற்றோம்.

ஜப்பானில் நட்சத்திரங்களைக் குறிக்க 1960களில் பரவிய 'ஐடோரு' என்ற சொல்லுக்கும் மூலப்பொருள் விக்கிரகமே. 1973இல் பதினான்கு வயதில் பாட வந்து அத்தேசத்தையே ஆட்கொண்ட யமகுச்சி மொமோயே, 1980 அக்டோபர் 5 அன்று தோக்கியோவின் புதோக்கான் அரங்கில் கடைசிப் பாட்டை முடித்ததும், வெண்ணிற ஒலிவாங்கியை மேடைத் தரையில் மெல்ல வைத்துவிட்டு, இல்லறம் புக நடந்து சென்றாள். வயது இருபத்தொன்று, மேடைக்கு அவள் திரும்பவேயில்லை. அழுதபடியே அவளைப் போகவிட்டார்களே அந்த ரசிகர்கள், அவர்கள் செய்ததே விசர்ஜனம் என்பேன்.

மெரினாவில் எம்.ஜி.ஆர். சமாதியின் பளிங்கில், கைக்கடிகாரத்தின் ஒலி கேட்குமென்று இன்றும் காதை வைக்கிறார்கள். உங்கள் குழந்தையும் அவ்வாறு குனிந்தால் தடுக்க வேண்டாம். உள்ளே உறங்குபவர் ஒரு மனிதர் என்பதை மட்டும் அதற்குச் சொல்லுங்கள்.