கேட்பது மன்னிப்பதாகுமா?

எபர்ஹார்ட் ஃபெக்னர் (1926–1992) ஜெர்மன் தொலைக்காட்சிக்காகவே பெரும்பாலும் உழைத்த இயக்குநர். நாடக நடிகராக இருந்து படத்துறைக்கு வந்தவர். ஜெர்மன் இயக்குநர்களான ஃபாஸ்பிண்டர், ஹெர்சாக் போல வெளிநாடுகளில் பெயர் பெறவில்லை. ஒரு மனிதரின் வாழ்க்கையை மற்றவர் அறிய முடியுமா என்ற பழைய கேள்வியை அவரைப் போல விடாமல் பற்றிக்கொண்டவர்கள் சிலரே.

1969-இல் பெர்லினின் வெட்டிங் பகுதியில் தனியே வாழ்ந்த க்ளாரா ஹைடெப்ரெக் என்ற 72 வயது மூதாட்டி தற்கொலை செய்துகொண்டார். காவல்துறைக் கோப்போடு மறந்துபோயிருக்க வேண்டிய சாவு. ஃபெக்னர் அந்த வீட்டில் எஞ்சிய கடிதங்களையும் தாள்களையும் ஒவ்வொன்றாகப் படித்தார். உறவினர்களையும் அக்கம்பக்கத்தாரையும் பேசவைத்தார். அப்படிப் பிறந்தது 'க்ளாரா ஹைடெப்ரெக்கைப் பற்றிய பின்பேச்சு' என்ற படம். மூலத் தலைப்பிலுள்ள 'நாக்ரேடே' என்ற ஜெர்மன் சொல் புறம்பேசுவதையும் நினைவூட்டும். செத்தவரால் மறுத்துப் பேச முடியாது என்ற உறுத்தல் அந்தச் சொல்லிலேயே இருக்கிறது. எந்த வாழ்க்கையும் அற்பமானதல்ல என்று படம் எங்கும் பிரகடனம் செய்வதில்லை; ஒரு மணி நேரம் பொறுமையாகக் கேட்கிறது, அவ்வளவுதான். அந்தப் பொறுமையே ஒரு மரியாதை.

தனித்தனியாகப் பதிவுசெய்த பேச்சுகளை வெட்டி, ஒருவர் விட்ட இடத்தில் இன்னொருவர் தொடர்வதுபோல் கோப்பது அவர் பாணி. நாஜிகளின் நெருக்கடியில் 1935-இல் சிதறிய பாடகர் குழுவைப் பற்றிய 'காமெடியன் ஹார்மனிஸ்ட்ஸ்' (1976) படமும் இவ்வாறே அமைந்தது.

இந்தப் பாணி மிகக் கடுமையான சோதனைக்குள்ளானது 'வழக்கு' (1984) படத்தில். போலந்தின் மைதானெக் வதைமுகாமில் நடந்த கொலைகளுக்காக ட்யூசல்டார்ஃபில் 1975 முதல் 1981 வரை 474 நாள் விசாரணை நடந்தது. முடிவில் ஆயுள் தண்டனை பெற்றது ஒரே ஒருவர். நீதிமன்றத்துக்குள் விசாரணையைப் படமெடுக்க முடியாததால், ஃபெக்னர் குற்றம்சாட்டப்பட்டவர்கள், உயிர்தப்பியவர்கள், வழக்கறிஞர்கள், நீதிபதிகள் என்று எல்லாத் தரப்பினரையும் வெளியே சந்தித்துப் பதிவுசெய்தார். படம் நாலரை மணி நேரம் ஓடுகிறது.

கொலைகாரர்களுக்கும் அதே பொறுமையா? மூதாட்டிக்குக் காட்டிய மரியாதையை இவர்களுக்கும் காட்டுவது அவர்களை மன்னிப்பதாகாதா? ஆகாது. மன்னிக்கும் உரிமை பாதிக்கப்பட்டவர்களுடையது. அதை எந்த இயக்குநரும் எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் கேட்காமல் ஒதுக்கினால், அவர்கள் நம்மைப் போன்ற மனிதர்கள் அல்லர் என்று நாம் ஆறுதல் தேடிக்கொள்வோம். ஃபெக்னர் அந்த ஆறுதலைப் பறிக்கிறார். முகாமில் காவலுக்கு இருந்தவர் தனக்கு ஒன்றும் தெரியாது என்கிறார், வெட்டு, அங்கிருந்து மீண்டவர் தான் கண்டதைச் சொல்லத் தொடங்குகிறார். இடையே விளக்கவுரை இல்லை.