அழிவும் அமானிதமும்

பாழடைந்த இடங்களைக் கண்டு படிப்பினை பெறுதல் அறிவுடையோர் பண்பு. ஆயினும் எந்தப் படிப்பினையைப் பெறுவது என்பதில்தான் மனிதன் பெரும்பாலும் வழுவி விடுகிறான். “துன்யா அழியக்கூடியது” என்று பெருமூச்செறிந்து அப்பால் நகர்ந்து விடுவது எளிது. அத்துடன் நம் கடமை தீர்ந்து விடுமா? மலைமேல் மறைந்துபோன ஓர் இரயில் பாதையின் வரலாற்றைக் கொண்டு இதனைச் சற்றே சிந்திப்போம்.

மூணாறு செல்லும் உல்லாசப் பயணிகள் ‘டாப் ஸ்டேஷன்’ என்னும் முகட்டில் நின்று பள்ளத்தாக்கைக் கண்டு களிக்கின்றனர். பெயரில் ஸ்டேஷன் உண்டு, இரயில் இல்லை. 1902-ஆம் ஆண்டில் மூணாற்றிலிருந்து இம்முகடு வரை, காளைகள் இழுக்கும் ஒற்றைத் தண்டவாள வண்டிப் பாதை அமைந்தது. 1908-இல் அது இரண்டடி அகல இருப்புப் பாதையாகி, நீராவி எஞ்சின் ஓடலாயிற்று. குண்டளைப் பள்ளத்தாக்கு இரயில்வே என்பது அதன் பெயர். தேயிலைப் பெட்டிகள் முகட்டிலிருந்து கம்பிவடத்தில் தமிழகத்துக் கொட்டகுடிக்கு இறங்கின. அங்கிருந்து போடிநாயக்கனூர் வந்து, தூத்துக்குடித் துறைமுகம் சேர்ந்து கப்பலேறின.

1924 ஜூலையில் பெருமழை பொழிந்தது. கொல்லம் ஆண்டு 1099-இல் நேர்ந்ததால் மலையாள நாட்டார் அதனைத் ‘தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு வெள்ளம்’ என்பர். மண் சரிந்தது, பாலங்களும் பாதையும் போயின. இரயில் மீண்டும் போடப்படவில்லை. சரக்கு வேறு வழிகளில் சென்றது. மூணாற்று நிலையக் கட்டடம் தேயிலைக் கம்பெனி அலுவலகமாயிற்று.

இதுவரை சொன்னது அழிவின் கதை. இனிச் சொல்வதே படிப்பினை.

பாதை போயிற்று, தேயிலை கொய்த மக்கள் போகவில்லை. தென் தமிழகத்திலிருந்து மலையேறிய அவர்களின் சந்ததியினர் அதே சரிவுகளின் கீழ், லயங்கள் எனப்படும் வரிசை வீடுகளில் வாழ்ந்து வந்தனர். 2020 ஆகஸ்ட் 6-ஆம் நாள் இரவு, மூணாற்றை அடுத்த பெட்டிமுடியில் மலை சரிந்து, உறங்கிக் கொண்டிருந்த எழுபது உயிர்கள் மாண்டன. அவர்களுள் பலர் தூத்துக்குடி மாவட்டம் கயத்தாற்றைப் பூர்வீகமாகக் கொண்ட குடும்பத்தினர்.

மலை சரியும் என்பதை 1924-ஆம் ஆண்டே உலகறியச் சொல்லியிருந்தது. அந்த எச்சரிக்கைக்குப் பின் சரக்குக்கு மாற்றுவழி கண்டார்கள். சரக்கை விளைத்தவனுக்கு மாற்றிடம் காணும் கேள்வி மட்டும் தொண்ணூற்றாறு ஆண்டுகள் காத்திருந்தது. இங்கே ‘விதி’ என்ற சொல் யாருக்கு ஆறுதல்? யாருக்குச் சாக்கு?

இவ்வினா மூணாற்றோடு முடிவதன்று. சூலக்கரையில் வாழும் நம்மைச் சுற்றிலும் பட்டாசுத் தொழில் நடைபெறுகிறது. விபத்து நேரும்போதெல்லாம் விதியென்கிறோம். சில நாளில் அடுத்த கொட்டகை எழுகிறது. ஒட்டகத்தைக் கட்டிய பின்னரே தவக்குல் என்று மதரஸாவில் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் நாம், கட்டாமல் விட்ட கயிற்றுக்கு விதியைப் பொறுப்பாக்கலாமா?

மழை இறைவன் நாட்டம். மழை வரும் என்றறிந்தும் எளியவனைச் சரிவின் கீழ் உறங்க வைப்பது மனிதன் செயல். முன்னதற்குப் பொறுமை வேண்டும்; பின்னதற்குக் கணக்குக் கொடுக்க வேண்டும். கட்டடமும் தண்டவாளமும் அழிவதில் வியப்பில்லை. நம்மை நம்பி உழைப்பவனின் உயிரோ நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதம். அதனைப் பேணுவதே, பாழடைந்த இடங்கள் நமக்கு உரைக்கும் முதற் பாடம்.