வேடமும் விரதமும்

நடிகர் ஏற்கும் வேடத்தின் குணம் அவருடைய ஆன்மாவைப் பற்றுமா என்பது சமய மரபுகள் நெடுங்காலமாக விடை தேடிவரும் வினா. பிரான்சில் கத்தோலிக்கத் திருச்சபை நடிப்பையே இழிதொழிலாகக் கருதி, அத்தொழிலைத் துறக்காமல் இறந்தவருக்குத் திருச்சடங்கோடு கூடிய அடக்கத்தை மறுத்தது. நாடகாசிரியரும் நடிகருமான மோலியேர் 1673இல் இறந்தபோது, மன்னர் பதினான்காம் லூயி தலையிட்ட பிறகே அவருடைய உடல் இரவோடு இரவாக அடக்கம் செய்யப்பட்டது. அடுத்த நூற்றாண்டில் தத்துவ அறிஞர் தீதெரோ, தாம் உணர்ச்சிவசப்படாமல் பிறரை உணர்ச்சிவசப்படுத்துபவரே தேர்ந்த நடிகர் என்று வாதிட்டார். திருச்சபையின் பார்வையில் வேடம் கறையாக ஒட்டுகிறது. தீதெரோவின் பார்வையில் அது தாமரை இலைத் தண்ணீராக நழுவிவிடுகிறது.

இவ்விரண்டிலும் அடங்காத விடை ஒன்றைத் தமிழ்த் திரையின் குணச்சித்திர நடிகர் ஒருவரின், அதாவது நாயகனைச் சுற்றியுள்ள பாத்திரங்களுக்கு உருக்கொடுப்பவர் ஒருவரின், வாழ்வில் காணலாம். 1919இல் பிறந்த எம். என். நம்பியார் சிறுவயதிலேயே நவாப் ராஜமாணிக்கத்தின் நாடகக் குழுவில் சேர்ந்து, 1935இல் வெளிவந்த 'பக்த ராமதாஸ்' வழியாகத் திரைக்கு வந்தார். 'திகம்பர சாமியார்' (1950) படத்தில் பல மாறுவேடங்கள் புனையும் நாயகராகத் தோன்றிய அவர், அதே ஆண்டின் 'மந்திரி குமாரி'யில் குருவின் கோலத்தில் சதிசெய்யும் ராஜகுருவாக நடித்தார். அதன்பின் எம்.ஜி.ஆர். படங்களின் நிலையான எதிரியாக அவர் மாறியபோது, உள்ளங்கைகளைப் பிசைந்துகொண்டு விழிகளை உருட்டி அவர் பேசும் பாணி, பலகுரல் கலைஞர்கள் இன்றும் விடாத முத்திரையாயிற்று.

வேடத்தையும் ஆளையும் ஒன்றாகக் காண்பது பாமர இயல்பு எனத் தள்ளிவிட முடியாது. மலேசியாவில் ஜொகூர் பாருவுக்கு வடகிழக்கே அமைந்த உலு திராம், தோட்டப்புறத் தமிழர் வாழ்வோடு பிணைந்த ஊர். அதுபோன்ற ஜொகூர்த் தோட்டப்புறங்களில் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தில், 'எங்க வீட்டுப் பிள்ளை' (1965) படத்தில் நம்பியார் ஏற்ற கஜேந்திரன் சாட்டையைச் சுழற்றும் காட்சி, தோட்ட மேற்பார்வையாளரான கங்காணியின் அதட்டலைக் கேட்டுப் பழகியவர்களுக்கு வெறும் கதையாகத் தோன்றியிருக்க வாய்ப்பில்லை. அவர்கள் நடிகரை ஏசினார்கள் என்றால், அந்த ஏச்சு உண்மையில் சாட்டைக்கு உரியது. அது நடிகரின்மேல் விழுவதை அவருடைய தொழிலின் கூலி என்றே கொள்ள வேண்டும்.

திரைக்கு வெளியே அதே நடிகர் மது, புகை, புலால் அனைத்தையும் விலக்கி, அறுபது முறைக்கு மேல் சபரிமலை ஏறி, 'மகா குருசாமி' என வணங்கப்பட்டார். குருசாமி என்பவர் புதியவர்களுக்கு மாலையிட்டு, இருமுடி கட்டி, மலைக்கு அழைத்துச் செல்லும் மூத்த அடியார். இதைக் கண்டு, திரையில் தெரிந்தது பொய்முகம், மலையில் தெரிந்தது மெய்முகம் என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால் விரதமும் ஒரு வேடமே என்பது அவ்வாதத்தில் விடுபட்டுப்போகிறது. ஒரு மண்டலம், அதாவது 41 நாட்கள், கறுப்பு ஆடை உடுத்து, மாலை தரித்து, தன் பெயரை இழந்து 'சாமி' என்று அழைக்கப்படுபவர், தான் இன்னும் ஆகாத ஒன்றின் கோலத்தைப் பூணுகிறார். இறைவனும் அடியாரும் வேறல்லர் எனக் கூறும் மகாவாக்கியம் சபரிமலைச் சந்நிதியின் முகப்பில் பொறிக்கப்பட்டிருப்பதற்கும், மாலையிட்டவரை ஊரார் 'சாமி' என அழைப்பதற்கும் காரணம் ஒன்றே: கோலத்தை ஒழுக்கத்தால் நிரப்பினால், கோலம் மெய்யாகும்.

வேடத்தின் இந்த இரட்டைத் தன்மையைப் பெரியபுராணம் கூர்மையாகக் காட்டுகிறது. திருக்கோவலூரை ஆண்ட மெய்ப்பொருள் நாயனாரை வெல்ல முடியாத முத்தநாதன், திருநீறு பூசி, சுவடிக் கட்டுக்குள் கத்தியை மறைத்துக்கொண்டு வந்து அவரைக் குத்துகிறான். வாளோடு பாய்ந்த காவலன் தத்தனைத் தடுத்த நாயனார், அந்த வஞ்சகனுக்கு ஊறு நேராமல் ஊரெல்லை கடத்திவிடுமாறு ஆணையிட்டுவிட்டு உயிர் துறக்கிறார். நீற்றுக்கோலம் முத்தநாதனைத் தூயவனாக்கவில்லை. அதைப் பூசியவன் கயவன் என்பதால் நாயனார் கண்ணில் கோலத்தின் மதிப்பும் குறையவில்லை. திருவேடம் தாங்கிய கொலையாளி முத்தநாதன் என்றால், கொலையாளி வேடம் தாங்கிய அடியார் நம்பியார்.

ஆகவே வேடம் கறையும் அன்று, ஒட்டாத நீரும் அன்று. ஒருவர் அதற்குத் தம் வாழ்வில் எவ்வளவு இடம் தருகிறாரோ அவ்வளவே அது அவரைப் பற்றும். படப்பிடிப்பு முடிந்ததும் அரிதாரத்தோடு கழற்றப்பட்ட ராஜகுரு நம்பியாரைப் பற்றவில்லை. ஆண்டுதோறும் கார்த்திகையில் விரும்பி அணிந்த மாலை பற்றிக்கொண்டது. அவர் 2008ஆம் ஆண்டு நவம்பர் 19ஆம் நாள், கார்த்திகை பிறந்து சில நாட்களே ஆகியிருந்த மண்டல விரதக் காலத்தில், சென்னையில் காலமானார்.