சொன்னேனே சாமி

தை பிறந்து நாலைந்து நாள்தான் ஆகியிருந்தது. விடியக்காலம் நாலரை மணி. தெருமுனையில் குடுகுடுப்பைச் சத்தம் திரும்பியபோது நான் விழித்துத்தான் கிடந்தேன். அன்றைக்கு ஒரு ரிப்போர்ட் வரவேண்டியிருந்தது. யாருடையது, எந்த ஊர் ஆஸ்பத்திரி என்பதெல்லாம் இங்கே வேண்டாம். வீட்டில் எல்லாருக்கும் தெரிந்தும் ஒரு வாரமாக யாரும் வாய் திறக்காத காரியம், அவ்வளவுதான்.

எங்கள் வரிசையில் ஏழு வீடு. முதல் வீட்டுக்கு நல்ல காலம் பொறக்குது என்றார். அடுத்த வீட்டில் தள்ளிப்போன கல்யாணம் தை முடியுமுன்னே கூடிவருது. தீப்பெட்டி ஆபீஸில் கணக்கெழுதுகிறவர் வீட்டுக்குத் தெக்கே இருந்து ஒரு சேதி வருது, கையெழுத்தை மட்டும் யோசிச்சுப் போடணும். நாலாவது எங்கள் வாசல். குடுகுடுப்பை அடித்தது. நீளமாக ஒரு தடவை. சற்று நின்றது. மறுபடியும் நீளமாக ஒரு தடவை. பிறகு செருப்புச் சத்தம். ஐந்தாவது வீட்டில் ‘ஜக்கம்மா சொல்லுதா, ஜக்கம்மா சொல்லுதா’ என்று குரல் திரும்ப எழும்பிவிட்டது.

எங்களுக்கு ஒரு சொல்கூட இல்லை.

நான் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தேன். எப்போது எழுந்து வந்தேன் என்று ஞாபகமில்லை. கை தாழ்ப்பாள்மேல் இருந்தது.

குறியிலும் ஜோசியத்திலும் நம்பிக்கையில்லாதவன் என்று நாற்பது வருஷமாகச் சொல்லிக்கொண்டு திரிகிறவன் நான். நல்ல காலம் பொறக்குது என்றிருந்தால் போய்ப் படுத்திருப்பேன். கெட்டது சொல்லியிருந்தால், பரிகாரத்துக்குக் காசு பறிக்கிற வழி என்று வைதிருப்பேன். இரண்டுக்கும் என்னிடம் பதில் தயாராக இருந்தது. சொல்லாமல் போனதற்குத்தான் இல்லை.

குடுகுடுப்பையைக் கிட்டத்தில் பார்த்தவர்களுக்குத் தெரியும், கைக்குள் அடங்குகிற சாமான் அது. இடுப்பு சிறுத்த சின்ன உடுக்கை. நடுவில் கட்டிய கயிற்றின் நுனியில் ஒரு முடிச்சு. மணிக்கட்டைத் திருப்பத் திருப்ப முடிச்சு இந்தத் தோலில் ஒன்று, அந்தத் தோலில் ஒன்று என்று மாறி மாறி விழும். இருக்கு, இல்லை, இருக்கு, இல்லை. நடுவில் நிறுத்தி ஆள் பேசினால்தான் அது குறி. அன்றைக்கு எங்கள் வாசலில் அது நின்றது, ஆள் பேசவில்லை.

இருமல் வந்திருக்கலாம். விளக்கு எரியாததைப் பார்த்து ஆளில்லாத வீடு என்று நினைத்திருக்கலாம். இப்படிப் பத்துக் காரணம் அன்று விடிவதற்குள் கண்டுபிடித்துவிட்டேன். ஒன்றும் ஒட்டவில்லை.

சின்ன வயதில் எங்கள் ஊரில் இவர்களைச் சாமக்கோடாங்கி என்போம். ஊர், கோவில்பட்டிக்குக் கிழக்கே, விளாத்திகுளம் போகிற பக்கம். கோடையில் கால் நுழைகிற அளவுக்கு வெடித்துக் கிடக்கிற கரிசல். மழை பெய்தால் அதே மண் செருப்பைப் பிடுங்கி வைத்துக்கொள்ளும். சாமக்கோடாங்கி வந்தால் கதவைத் திறக்கக் கூடாது, எதிரே போய் நிற்கக் கூடாது. சுடுகாட்டுக்குப் போய்விட்டு நேரே வருகிறவர், நாய்கூடக் குலைக்காது என்பார்கள். (குலைக்கத்தான் செய்யும். எங்கள் வீட்டு நாய் விடாமல் குலைக்கும்.) ஆச்சி மட்டும் எழுந்து கதவோரம் குத்தவைத்து உட்கார்ந்துகொள்வாள். காதைக் கதவில் வைக்கமாட்டாள். முகத்தைத் திருப்பிச் சுவரைப் பார்த்துக்கொண்டுதான் கேட்பாள்.

காலையில் என்ன சொன்னான் என்று அய்யா கேட்டால், “எல்லாம் நல்லதாத்தான் சொல்லிட்டுப் போறான்” என்பாள். நானும் படுக்கையிலிருந்து கேட்டிருப்பேன். நல்லதாக மட்டும் அவர் சொல்லியிருக்கமாட்டார். ஆச்சி பொய் சொன்னாளா, அவள் காதில் அப்படித்தான் விழுந்ததா என்று அப்போதே எனக்குச் சந்தேகம் உண்டு.

ஆச்சியும் குறி சொல்வாள், மழைக்கு மட்டும். முற்றத்து ஓரத்தில் எறும்புச் சாரை வெள்ளை வெள்ளையாக முட்டையைத் தூக்கிக்கொண்டு திண்ணை ஏறும். வானத்தில் ஒரு பொட்டு மேகம் இருக்காது. ஆச்சி வத்தல் காயப்போட்ட சாக்கைச் சுருட்டிக்கொண்டே, “மழை வந்துட்டுய்யா” என்பாள். வரும் என்று சொன்னதே இல்லை. வந்துட்டு.

பின்னால் காலேஜில் நன்னூல் நடத்தும்போது இது இலக்கணத்திலேயே இருப்பதைக் கண்டு திகைத்துப்போனேன். விரைவுக்காக, மிகுதிக்காக, தெளிவுக்காக, இயல்பாகவும், ஒரு காலத்தில் சொல்லவேண்டியதை வேறு காலத்தில் சொல்லலாம். அது வழுவாகாது என்கிறார் பவணந்தி. இலையில் உட்கார்ந்திருக்கிறவன் ‘இந்தா வந்துட்டேன்’ என்பது விரைவு. தெளிவுக்கு ஆசிரியர் சொன்ன உதாரணம், எறும்பு முட்டைகொண்டு மேடு ஏறினால் மழை பெய்தது என்று சொல்வது. இன்னும் பெய்யாத மழைக்கு இறந்தகாலம். வகுப்பில் எல்லாரும் எழுதிக்கொண்டார்கள். எனக்கு முற்றத்தில் சுருளும் சாக்குதான் கண்ணில் நின்றது.

தீர்க்கதரிசி என்று யாரைச் சொல்கிறோமோ அவரிடம் இந்த இறந்தகாலத்தைத்தான் பார்க்கிறோமோ என்று ரொம்ப நாள் யோசித்ததுண்டு. பாரதியை எடுத்துக்கொள்ளுங்கள். எங்கள் பக்கத்து மேடைகளில் இதைச் சொல்லாமல் ஒரு பாரதி விழா முடியாது: 1921இல் செத்துப்போன மனுஷன் 1947இல் வந்த சுதந்திரத்தை அடைந்தாகிவிட்டது என்றே பாடி வைத்தாரே, தீர்க்கதரிசி அல்லவா? கைதட்டல். எனக்கு அந்தக் கைதட்டலில் கொஞ்சம் கூச்சம். அவர் எதையும் எட்டிப் பார்த்ததாக நான் நினைக்கவில்லை. கரிசல்காட்டில் பிறந்தவர், காலத்தை மாற்றிச் சொன்னார். எங்கள் ஆச்சி செய்த காரியம்தான். புரட்டாசியில் மழைக்கு முன்னாலேயே புழுதியில் விதைக்கிறவன் செய்வதும் அதுதான். விதை மண்ணுக்குள் போய்விட்டது, தண்ணீர் இன்னும் வானத்துக்கே வந்து சேரவில்லை. கோவில்பட்டியில் 1901இலிருந்து இருக்கிற ஆராய்ச்சிப் பண்ணைக்காரர்களும் மானாவாரிக்குப் பருவமழைக்கு முந்திய விதைப்பைத்தான் சிபாரிசு செய்கிறார்கள். அவர்களிடம் மழைக்கணக்கு இருக்கிறது, ஆச்சியிடம் எறும்பு இருந்தது. தப்பிப்போன வருஷங்களும் உண்டு. விதை புழுதியிலேயே வெந்துபோகும். அந்த வருஷங்களில் ஆச்சியை யாரும் கேள்வி கேட்டதில்லை.

பாரதி என்றதும் இன்னொன்று. ‘புதிய கோணங்கி’ என்று ஒரு பாட்டு எழுதியிருக்கிறார். குடுகுடுப்பைக்காரரின் சத்தத்தையும் தாளத்தையும் அப்படியே எடுத்துக்கொண்டு நாட்டுக்கு நல்ல குறி சொல்கிற பாட்டு. எட்டயபுரத் தெருவில் சின்னப்பிள்ளையாகப் போர்வைக்குள் படுத்துக் கேட்ட சத்தம் இல்லாமல் அந்தப் பாட்டு வந்திருக்காது என்பது என் ஊகம். ஆனால் அவருடைய கோணங்கி யாருக்குக் குறி சொல்கிறார் என்று பாருங்கள். வேதபுரத்தாருக்கு. அதாவது புதுச்சேரிக்காரர்களுக்கு; 1908இலிருந்து பத்து வருஷம் அவர் அடைக்கலமாக இருந்த ஊர். நம் ஊர்ச் சத்தம், குறி மட்டும் அவர்களுக்கு. எங்கள் வாசலில் உடுக்கை மட்டும் அடித்துவிட்டுப் போகிற பழக்கம் அப்போதே இருந்திருக்கிறது என்று வேடிக்கையாக நினைத்துக்கொள்வேன். அன்றைக்கு அந்த வேடிக்கை எடுபடவில்லை.

அதே எட்டயபுரத்தில்தான் உமறுப் புலவர் அடங்கியிருக்கிறார். அவருடைய சீறாப்புராணத்தின் இரண்டாம் காண்டத்துக்குப் பெயரே நுபுவ்வத்துக் காண்டம், நபித்துவத்தின் காண்டம். எனக்குப் பிடித்தது அதற்கு முந்திய காண்டத்துப் படலங்களின் தலைப்புகள். சுரத்தில் புனல் அழைத்த படலம் என்று ஒன்று. கம்மாய் வற்றிக் கிடக்கிற சித்திரையில் அந்தத் தலைப்பை மட்டும் வாய்க்குள் சொல்லிக்கொண்டிருக்கலாம். புகைறா என்ற துறவியின் கதையும் அங்கேதான். வியாபாரக் கூட்டத்தோடு சிறுவராக வந்த நபியின் தலைக்குமேல் ஒரு மேகம் கூடவே வருகிறது. கூட வந்தவர்களுக்கு அது வெறும் மேகம். துறவி ஒருவருக்குத்தான் அது சேதி. தலைக்குமேல் மேகம் நிற்பதே அதிசயமான இந்தப் பூமியில் உட்கார்ந்து இந்தக் கதையைக் கேட்டவர்கள், அதை வெளியூர்க்காரர்களைவிடக் கொஞ்சம் அதிகமாகவே புரிந்துகொண்டிருப்பார்கள்.

அப்படியானால் குறி யாரிடம் இருக்கிறது, மேகத்திலா, பார்த்தவரிடமா? பாஞ்சாலங்குறிச்சிக் கதையிலும் இதே சிக்கல். முயல் ஒன்று திரும்பி நின்று வேட்டைநாயை விரட்டியதாம். வீரம் விளைகிற மண் என்று அங்கே கோட்டை கட்டினார்களாம். கட்டபொம்மனின் குலதெய்வம் ஜக்கம்மா, எங்கள் தெருவில் வந்து சொல்லுகிறாளே, அதே ஜக்கம்மா. 1799 அக்டோபர் 16இல் கயத்தாற்றில் அவரைத் தூக்கிலிட்டார்கள். தம்பி ஊமைத்துரை எடுத்துக் கட்டிய கோட்டையையும் 1801இல் பிடித்துத் தரைமட்டமாக்கினார்கள். முயல் பொய் சொல்லவில்லை. நாயைத் திரும்பி நின்று எதிர்ப்போம் என்று மட்டும்தான் அது சொன்னது. அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. மீதியைக் கேட்டவர்கள் போட்டு நிரப்பிக்கொண்டார்கள்.

முல்லைப்பாட்டு பத்துப்பாட்டில் மிகச் சின்னது, 103 அடி. படித்து முப்பது வருஷத்துக்கு மேலாகிறது. போருக்குப் போன கணவன் திரும்புவானா என்று தெரியாமல் தலைவி தவிக்கிறாள். வீட்டுப் பெருமுது பெண்டிர், மழை பெய்த மாலையில் ஊருக்கு வெளியே போகிறார்கள். நாழியில் நெல், முல்லைப் பூ, எல்லாவற்றையும் தூவிக் கையெடுத்துக் கும்பிட்டு, சும்மா நிற்கிறார்கள். விரிச்சி கேட்பது என்று அதற்குப் பெயர். யார் வாயிலிருந்தாவது, எதற்காகவோ வந்து விழுகிற சொல்லுக்காகக் காத்திருப்பது. பக்கத்துத் தொழுவில் ஒரு ஆயர்மகள். குளிருக்குக் கைகளைத் தோளில் குறுக்கே கட்டிக்கொண்டு, பசியில் தவிக்கிற கன்றுக்குட்டியிடம், உன் அம்மாமார் இப்போ வந்துருவாங்க என்கிற மாதிரி ஏதோ சொல்கிறாள். போதும். அதை எடுத்துக்கொண்டு கிழவிகள் அரண்மனைக்குத் திரும்பி, நல்ல சொல் கேட்டோம், உன் தலைவன் வந்துவிடுவான் என்கிறார்கள்.

அந்தப் பெண்ணுக்குத் தான் குறி சொன்னது தெரியாது. அரசன் யார், யுத்தம் எங்கே என்றும் தெரிந்திருக்க வேண்டியதில்லை. அவள் கவலையெல்லாம் கன்றுக்குட்டி. உலகத்தில் நான் அறிந்த தீர்க்கதரிசிகளில் அவள் ஒருத்திதான் முற்றிலும் கலப்பில்லாதவள் என்று வாலிபத்தில் எழுதிக்கூட வைத்திருந்தேன். இன்றைக்கு யோசிக்கும்போது வேறொன்று உறுத்துகிறது. நல்ல சொல் கேட்டோம் என்று வந்து சொன்ன பிறகும் தலைவியின் கண்ணீர் நிற்பதில்லை. முத்து முத்தாக விழுந்துகொண்டே இருக்கிறது. பாட்டில் அப்படித்தான் இருக்கிறது. நல்ல குறி கிடைத்தவளின் ராத்திரிக்கும், குறியே கிடைக்காத என் ராத்திரிக்கும் அப்போது என்ன பெரிய வித்தியாசம்?

பத்து மணிக்கு அவர் வந்தார். விடியலில் சொல்லிவிட்டுப் போய் வெயிலேறிய பின் வந்து அரிசியும் பழந்துணியும் வாங்கிக்கொள்வது அவர்கள் முறை. பகல் வெளிச்சத்தில் மெலிந்த மனிதர். வாலிபம் என்றும் சொல்ல முடியாது, கிழவர் என்றும் சொல்ல முடியாது. தலைப்பாகை, நெற்றி நிறையக் குங்குமம், தோளில் யாரோ கொடுத்த கோட்டு. குடுகுடுப்பை கோட்டுப் பைக்குள் செல்போனோடு சேர்ந்து கிடந்தது. பழைய சட்டை ஒன்றும் அம்பது ரூபாயும் கொடுத்தேன். கொடுத்துவிட்டு, சும்மா கேட்கிற மாதிரித்தான் கேட்டேன்.

“எல்லா வீட்டுக்கும் சொன்னீகளே, எங்க வீட்டுக்கு ஒண்ணும் சொல்லலியே?”

அவர் சட்டையை மடித்துக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தார். “சொன்னேனே சாமி.”

“இல்லீங்க, உடுக்கைதான் அடிச்சீக. நான் கதவுக்கிட்டதான் நின்னேன்.”

“சொன்னேன் சாமி. நீங்க கேக்கல.”

“சரி, என்ன சொன்னீக? இப்பச் சொல்லுங்க.”

“அது சொன்ன சொல்லு. ரெண்டாந் தடவை நான் சொல்லப்பிடாது.” சட்டையைப் பைக்குள் திணித்துக்கொண்டு, கும்பிட்டுவிட்டு ஐந்தாவது வீட்டுக்குப் போய்விட்டார்.

எதிர்வீட்டு அக்காவிடம் கேட்டேன். “உங்க வீட்டுக்கா தம்பி? என்னமோ சொன்ன மாதிரிதான் இருந்துச்சு. எங்க வீட்டுக்கு என்ன சொல்லப்போறானோன்னு அந்த நெனப்பிலயே இருந்தேன். அதான் சரியா விழல” என்றாள். கணக்கெழுதுகிறவருக்குத் தன் வீட்டுக் கையெழுத்தைத் தவிர வேறெதுவும் நினைவில் இல்லை. பூராத் தெருவும் கேட்கும்படி உரக்கச் சொல்கிற மனிதர். ஆனால் அவரவர் வீட்டுக் குறி அவரவருக்கு மட்டும்தான் கேட்டிருக்கிறது. எனக்கு மற்ற எல்லார் குறியும் கேட்டது.

தொழில்காரர், ஒரு வீடு விட்டுப்போனதை ஒத்துக்கொள்ளாமல் சமாளித்துவிட்டார் என்று வைத்துக்கொள்வதில் ஒரு கஷ்டமும் இல்லை. அப்படித்தான் வைத்துக்கொண்டிருக்கிறேன், பகலில்.

ரிப்போர்ட் சாயங்காலம் வந்தது. இரண்டு பக்கம். இப்போதைக்குத் தீர்மானமாக ஒன்றும் சொல்வதற்கில்லை, ஆறு மாதம் கழித்து மறுபடி எடுத்துப் பார்க்கவும் என்று கடைசி வரி. டாக்டர் அதைப் படித்துவிட்டு, பயப்பட ஒன்றுமில்லை என்றார். சற்று நிறுத்தி, இப்போதைக்கு என்றார்.

ஆறு மாதம் என்றால் ஆடி. இடையில் ஒன்றிரண்டு தடவை நாலரைக்கு விழிப்பு வந்தது. பால்காரர் சைக்கிள், எங்கோ ரயில், வேறொன்றும் இல்லை. அந்த விடியலைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்க்கிறேன். நீளமாக ஒரு தடவை. சற்று நின்றது. மறுபடியும் ஒரு தடவை. அந்த நடுவில் ஒரு சொல்லுக்கு இடம் இருந்ததா என்று காதைத் தீட்டிக் கேட்டால், சில நாள் இருந்த மாதிரி இருக்கிறது. ஆச்சி போல முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு நின்றிருந்தால் விழுந்திருக்குமோ என்னவோ. நான் கதவையே பார்த்துக்கொண்டு நின்றேன். கை தாழ்ப்பாள்மேல் இருந்தது என்று சொன்னேன் அல்லவா, திறப்பதற்காக வைத்தேனா, திறந்துவிடக் கூடாதென்று பிடித்துக்கொண்டேனா என்பதும் இப்போது எனக்கு நிச்சயமில்லை.